வாசல்காரனுக்கு வைத்த குண்டு

42.ஜிப் என்று ஒரு ஃபைல் உண்டு. அளவு 42 கிலோபைட். நம் செல்ஃபோனில் எடுக்கிற ஒரு போட்டோகூட அதைவிடப் பல மடங்கு பெரியது. 2000-களில் இணையத்தில் கைமாறிக் கைமாறிச் சுற்றியது. செய்தவர் பெயர் அதனோடு சேர்ந்து வரவில்லை.

திறந்தால் உள்ளே 16 ஜிப் ஃபைல்கள். அவை ஒவ்வொன்றுக்குள்ளும் இன்னொரு 16. இப்படியே ஐந்து அடுக்கு. கடைசி அடுக்கில் இருக்கும் 10,48,576 ஜிப்களிலும் ஆளுக்கொரு 4.3 ஜிபி ஃபைல். எல்லாவற்றையும் விரித்தால் 4.5 பெட்டாபைட். அதாவது, 1 டிபி ஹார்ட் டிஸ்க்குகள் 4,500 வேண்டும். இவ்வளவையும் வைத்துப் பார்த்தால் என்ன கிடைக்கும்? ஒன்றுமே கிடைக்காது. ஒரே தரவு, திரும்பத் திரும்ப.

ரகசியமே அந்தத் திரும்பத் திரும்பதான். ஜிப் வடிவத்தை உருவாக்கியவர் அமெரிக்காவின் மில்வாக்கியைச் சேர்ந்த ஃபில் காட்ஸ். 1989-இல் அதை வெளியிட்டபோது, யார் வேண்டுமானாலும் பயன்படுத்தட்டும் என்று விவரக்குறிப்பையும் பொதுவில் வைத்தார். 2000-இல், 37 வயதில் இறந்துபோனார். இன்றும் சாதாரண ஜிப் ஃபைலின் முதல் இரண்டு எழுத்துகள் அவருடைய பெயரின் முதலெழுத்துகளான பி, கே.

அவர் வடிவமைத்த டிஃப்ளேட் முறையின் அடிப்படை எளிது: ஏற்கெனவே வந்த தரவு மறுபடி வந்தால் முழுசாக எழுதாதே, ‘பின்னால் போய் இத்தனை எழுத்தை எடுத்துக்கொள்’ என்று மட்டும் குறித்து வை. ஒரு குறிப்பால் அதிகபட்சம் 258 பைட்டைச் சுட்டலாம். மிகக் குறைந்தது இரண்டு பிட்டில் அந்தக் குறிப்பை எழுதிவிடலாம். கணக்குப் போட்டால் ஒரு பைட்டுக்கு 1,032 பைட். ஒரே அடுக்கில் அதற்கு மேல் சுருக்க முடியாது. அதனால்தான் 42.ஜிப்புக்கு அத்தனை அடுக்குகள். சுருக்கியதை மறுபடி சுருக்கி, அதையும் மறுபடி.

இது யாருக்கு வைத்த பொறி? ஆர்வத்தில் டபுள் கிளிக் செய்கிறவனுக்கு இல்லை. பத்து லட்சம் ஜிப்களை உட்கார்ந்து ஒவ்வொன்றாக எவன் திறப்பான்? சலிக்காமல் கடைசிவரை திறந்து பார்க்கிற ஒரே ஆள் ஆன்ட்டிவைரஸ். உள்ளே திருடன் ஒளிந்திருக்கிறானா என்று பார்ப்பதுதானே அதன் வேலை. மெமரியும் டிஸ்க்கும் நிரம்பி அது மூச்சுத் திணறி விழுந்தால், பின்னாலேயே நிஜத் திருடன் வரலாம். காவலாளியின் ஒழுங்கையே அவனுக்கு எதிராகத் திருப்பிய குண்டு இது.

காவலாளிகளும் கற்றுக்கொண்டார்கள். இத்தனை அடுக்குக்குக் கீழே போகாதே, இத்தனை ஜிபிக்கு மேல் விரிக்காதே என்று வரம்பு வைத்தார்கள். 2019-இல் டேவிட் ஃபிஃபீல்ட் என்ற ஆய்வாளர் அந்த அடுக்குக் கணக்கையே செல்லாததாக்கினார். ஜிப்பின் கடைசியில் உள்ளே என்னென்ன இருக்கிறது என்று ஒரு பொருளடக்கம் இருக்கும். அதில் பல பெயர்களை எழுதி, ஏறக்குறைய ஒரே தரவைப் பகிர்ந்துகொள்ளும்படி செய்தார். ஒரே வீட்டைக் காட்டி ஆயிரம் ரேஷன் கார்டு வாங்குகிற மாதிரி. அடுக்கு ஒன்றே ஒன்றுதான். ஆனால் 10 மெகாபைட் ஃபைல் 281 டெராபைட்டாக விரிந்தது. பிறகு மார்க் அட்லர் அன்ஜிப் நிரலுக்கு ஒரு திருத்தம் எழுதினார்: ஒரே தரவின் மேல் இரண்டு பேர் உரிமை கொண்டாடினால், நிறுத்து.

இதைப் படித்தபோது எனக்கு வியர்த்தது. பயனர்கள் அனுப்பும் ஜிப்களைப் பிரிக்கும் நிரல் ஒன்றை நானும் எழுதியிருக்கிறேன். அளவைச் சோதித்தேன், இல்லையென்று சொல்ல முடியாது. ஆனால் எந்த அளவை? விரித்தால் எவ்வளவு வரும் என்று அந்த ஃபைல் தன்னைப் பற்றித் தானே எழுதி வைத்திருந்த அளவை! வந்தவனிடமே ‘நீ நல்லவனா?’ என்று கேட்டு உள்ளே விட்டிருக்கிறேன்.

அன்றைக்கே மாற்றினேன். இப்போது என் நிரல் பொருளடக்கத்தை நம்புவதில்லை. விரிய விரியத் தானே எண்ணுகிறது. வரம்பைத் தொட்டதும் கதவைச் சாத்திவிடுகிறது. மாற்றியது மொத்தம் நான்கு வரி.