கேத்ரிச் செப்புச் சுரங்கம்

தில்லிவாழ் தமிழராகிய நாம் ஆக்ராவையும் ஜெய்ப்பூரையும் பன்முறை கண்டு மீள்கிறோம். ஏறக்குறைய 180 கிலோமீட்டர் தொலைவில், ஆரவல்லி மலைகளிடையே உள்ள கேத்ரியை எண்ணுவோர் சிலரே. விடியலிற் புறப்பட்டால் இரவுக்குள் திரும்பிவிடலாம்.

விவேகானந்தரைப் போற்றிய அஜித் சிங் மன்னரின் ஊர் இது. 1893-இல் சென்னை அன்பர்கள் சுவாமிகளின் அமெரிக்கப் பயணத்துக்குப் பொருள் திரட்டியிருந்த வேளையில், மன்னர் ஆளனுப்பி அவரைக் கேத்ரிக்கு அழைத்துக்கொண்டார். அவ்வகையில் நமக்கும் இவ்வூர் உறவே.

ஆயினும் ஊரின் பழமை மண்ணுக்கடியில் உள்ளது. இம்மலைத் தொடரிலேயே தெற்கேயுள்ள கணேஷ்வர் என்னும் சிற்றூரை அகழ்ந்தபோது அம்புமுனை, தூண்டில்முள், உளி, வளையல் என ஆயிரத்துக்கு மேற்பட்ட செப்புப் பொருள்கள் கிடைத்தன. அவை 4000 ஆண்டுப் பழமையுடையவை. அரப்பா நகரங்களுக்கும் இம்மலைச் செம்பே சென்றதென ஆய்வாளர் பலர் கருதுவர். அருகிலுள்ள சிங்கானாவின் சுரங்கங்களை அக்பர் காலத்து அயினி அக்பரி குறிக்கிறது. செம்பு உருக்கிய கசடு அங்கே இன்றும் கரிய மேடுகளாகக் கிடக்கின்றது.

1967-இல் இந்துஸ்தான் காப்பர் நிறுவனம் தோன்றியது. உருக்காலை 2008-இல் நின்றது. சுரங்கப் பணி நிற்கவில்லை. 2024 மே 14 அன்று கோலிஹான் சுரங்கத்தில் ஆளேற்றும் கூண்டின் வடம் அறுந்து, 1800 அடிக்கு மேற்பட்ட ஆழத்தில் 15 பேர் சிக்கினர். மறுநாள் 14 பேர் உயிரோடு மீண்டனர்; ஒருவர் மீளவில்லை.

சுரங்கத்துள் இறங்க நிறுவனத்தின் அனுமதி வேண்டும். மலைமேலுள்ள பூபால்கட் கோட்டையையோ, அடிவாரச் சிற்றூர்களையோ காண அஃது வேண்டா.