முகிலா, மீன்கூட்டமா?

1610ஆம் ஆண்டு மார்ச் மாதம் கலிலியோ வெளியிட்ட ‘விண்மீன் தூதன்’ என்னும் சிறுநூலில் ஓரியன் விண்மீன் குழுவின் படம் ஒன்று உண்டு. நம் திருவாதிரை மீன் இடம்பெற்றிருக்கும் குழுதான் அது. வேட்டைக்காரனின் இடைக்கச்சையையும் அதிலிருந்து தொங்கும் வாளையும் சுற்றி, வெறுங்கண்ணுக்குப் புலப்படாத எண்பது விண்மீன்களை அவர் புதிதாகக் குறித்திருந்தார். ஆனால் அந்த வாளின் நடுவே, நல்ல இருளில் வெறுங்கண்ணுக்கே மங்கிய புகைபோலத் தென்படும் நெபுலாவை அவர் குறிக்கவில்லை.

அதே ஆண்டு நவம்பரில் தென்பிரான்சைச் சேர்ந்த பெய்ரெஸ்க் என்ற அறிஞர் தொலைநோக்கியில் அதைக் கண்டு குறித்துவைத்தார், வெளியிடவில்லை. 1656இல் ஹாலந்தின் ஹைகன்ஸ் தானாகவே அதைக் கண்டார். 1659இல் சனிக்கோளைப் பற்றி அவர் எழுதிய நூலில் அதன் படமும் இடம்பெற்ற பிறகுதான் ஓரியன் நெபுலா வானியலாளர்களிடையே பரவலாக அறியப்பட்டது.

கலிலியோ அந்தப் புகையை விட்டுவிட்டதற்கான காரணத்தை இன்று நாம் ஊகிக்கத்தான் முடியும். ஆனால் அதே நூலில் அவர் வைத்த ஒரு கருத்து பின்னால் இருநூற்றைம்பது ஆண்டுகள் செல்வாக்குச் செலுத்தியது. பழைய வானியலாளர் ‘மங்கல் மீன்கள்’ என்று அழைத்தவை உண்மையில் சிறிய விண்மீன்களின் கூட்டங்கள். தொலைநோக்கியில் பார்த்தால் அவை தனித்தனிப் புள்ளிகளாகப் பிரிந்துவிடுகின்றன என்றார் அவர். பால்வீதிக்கு இது முற்றிலும் பொருந்தியது. அப்படியானால் இன்னும் பிரியாத மங்கல்களும் பெரிய தொலைநோக்கி வந்தால் பிரியத்தானே வேண்டும்? இந்த எதிர்பார்ப்பிலிருந்துதான் நெபுலாக்களின் வரலாறு தொடங்குகிறது எனலாம்.

பாரீசின் மெஸ்ஸியே வால்மீன்களைத் தேடியவர். வால்மீனைப்போல் தோற்றமளித்து ஏமாற்றும் மங்கல்களைப் பட்டியலிட்டு, 1781க்குள் 103 பொருள்களைத் தொகுத்தார். ஓரியன் நெபுலா அதில் நாற்பத்திரண்டாவது. அவரைப் பொறுத்தவரை அது தேடலுக்கு இடையூறானவற்றின் பட்டியல். அவருக்குப் பின் வந்தவர்களுக்கோ அதுவே தேடலின் தொடக்கமாயிற்று.

வில்லியம் ஹெர்ஷல் இங்கிலாந்தின் பாத் நகரில் தேவாலய ஆர்கன் வாசித்து வாழ்ந்தவர். தன் கையால் ஆடி தேய்த்துத் தொலைநோக்கி செய்துகொண்டு 1774 மார்ச்சில் அவர் எழுதத் தொடங்கிய நோக்குக் குறிப்புகளிலேயே ஓரியன் நெபுலா இருக்கிறது. பிற்பாடு அவர் நோக்கிச் சொல்ல, தங்கை கரோலின் எழுதிக்கொள்ள, இருபதாண்டுகளில் ஏறத்தாழ 2500 நெபுலாக்களும் மீன்கூட்டங்களும் பட்டியலில் சேர்ந்தன. மெஸ்ஸியேவின் மங்கல்கள் பல அவர் தொலைநோக்கியில் மீன்களாகப் பிரிந்தன. ஆகவே அவரும் முதலில் எல்லாமே மீன்கூட்டங்கள் என்றுதான் நம்பினார்.

1790 நவம்பரில் அவர் ரிஷப ராசிப் பகுதியில் ஒரு நெபுலாவைக் கண்டார். நட்ட நடுவே ஒற்றை விண்மீன். அதைச் சுற்றி வட்டமாக மங்கிய ஒளி. அந்த ஒளி தொலைதூர மீன்களால் ஆனதென்றால், நடுவிலிருக்கும் மீன் நம்பமுடியாத அளவு பேருருவாக இருந்தாக வேண்டும். அதைவிட, மீனைச் சூழ்ந்திருப்பது ஏதோ ஒளிரும் பாய்மம் என்று கொள்வதே பொருத்தம் என முடிவு செய்து, அடுத்த ஆண்டே தன் பழைய கருத்தை வெளிப்படையாகக் கைவிட்டார். தாமே வளர்த்த நம்பிக்கையை ஒரே ஒரு காட்சிக்காக விட்டுக்கொடுத்த அந்த நேர்மை அரிதானது.

ஆனால் கேள்வி அத்துடன் அடங்கவில்லை. சூரியக் குடும்பமே சுழலும் முகில் ஒன்றிலிருந்து திரண்டது என்று 1796இல் லாப்லாஸ் எழுதியிருந்தார். 1844இல் பெயரின்றி வெளியான ஓர் ஆங்கில நூல் இந்தக் கருதுகோளிலிருந்து தொடங்கி உயிர்களின் தோற்றம்வரை இயற்கை வளர்ச்சியாகவே விளக்கியது. வானில் உண்மையாகவே முகில் உண்டா என்பது இப்போது சமயத்தையும் தொடும் வினாவாயிற்று.

இந்தச் சூழலில்தான் 1845இல் அயர்லாந்தின் பர் கோட்டையில் ராஸ் பிரபு 72 அங்குல ஆடி கொண்ட தொலைநோக்கியை நிறுவினார். 1917வரை உலகில் அதைவிடப் பெரியது இல்லை. அந்த வசந்தத்திலேயே மெஸ்ஸியேவின் 51ஆம் மங்கல் சுருள் வடிவம் கொண்டது என்று அவர் கண்டுபிடித்தார். அவருடைய நண்பரும் ஆர்மா வானாய்வகத்தின் தலைவருமான ராபின்சன் ஒரு பாதிரியார்; முகில் கருதுகோளை ஏற்காதவர். 1846 மார்ச்சில் ராஸ், கிளாஸ்கோ பேராசிரியர் நிகலுக்கு எழுதினார்: ஓரியன் நெபுலா மீன்களாகப் பிரிகிறது, ஐயத்துக்கு இடமில்லை. முகில் கருதுகோளைப் பரப்பிவந்த நிகலும் அதை ஏற்றுக்கொண்டார். அடுத்த ஆண்டு அமெரிக்காவின் ஹார்வர்டில் பாண்ட் 15 அங்குலத் தொலைநோக்கியில் பார்த்து அதையே உறுதிசெய்தார்.

இருவரும் பொய் சொல்லவில்லை. ஓரியன் நெபுலாவுக்குள் விண்மீன்கள் மெய்யாகவே ஏராளமாக உண்டு. ஆனால் மீன்கள் முகிலுக்குள் இருப்பது வேறு, மீன்களே முகிலாகத் தோன்றுவது வேறு. காண எதிர்பார்த்ததைக் கண் கண்டது; மீதியை மனம் நிரப்பிக்கொண்டது. ஆடியை இன்னும் பெரிதாக்கியிருந்தாலும் இந்தச் சிக்கல் தீர்ந்திருக்காது.

தீர்வு வேறொரு வழியில் வந்தது. வில்லியம் ஹக்கின்ஸ் லண்டனில் குடும்பத்தின் பட்டுத்துணிக் கடையை நடத்தியவர். அதை விற்றுவிட்டு டல்ஸ் ஹில்லில் தன் வீட்டிலேயே வானாய்வகம் அமைத்துக்கொண்டார். அவரிடம் இருந்தது 8 அங்குல வில்லைதான். ஆனால் கிர்ச்சாஃபும் புன்செனும் காட்டிய நிறமாலை ஆய்வை அவர் அதனுடன் இணைத்திருந்தார். 1864 ஆகஸ்ட் 29 இரவு, டிராகோ குழுவிலுள்ள ஒரு நெபுலாவின் ஒளியை முப்பட்டகத்தின் வழியே பார்த்தார். மீன்கூட்டமென்றால் தொடர்ச்சியான வண்ணப் பட்டை தெரிய வேண்டும். தெரிந்ததோ ஒற்றை ஒளிக்கோடு. கருவியில்தான் ஏதோ பிழை என்று முதலில் ஐயுற்றார். உற்றுநோக்கியபோது அருகே மேலும் இரு மெல்லிய கோடுகள். சந்தேகமில்லை, அது ஒளிரும் வாயு. மறு ஆண்டு ஓரியன் நெபுலாவும் அதே கோடுகளைக் காட்டியது. ஆண்ட்ரோமீடாவோ தொடர்பட்டையையே காட்டியது. அது விண்மீன்களாலான வேறொரு பெருந்திரள் என்பது 1920களில் எட்வின் ஹபிளின் ஆய்வால் உறுதியானது. ஆக, ‘மங்கல்’ என்ற ஒரே சொல்லுக்குள் இருவேறு பொருள்கள் அடைபட்டிருந்தன. இரு தரப்பும் பாதி சரி.

எஞ்சியது அந்தப் பிரகாசமான பச்சைக் கோடு. பூமியில் அறியப்பட்ட எந்தத் தனிமமும் அதைத் தரவில்லை. ‘நெபுலியம்’ என்று புதுத் தனிமம் ஒன்றுக்குப் பெயரிட்டுக் காத்திருந்தார்கள். சூரிய ஒளியில் முதலில் காணப்பட்ட ஹீலியம் 1895இல் பூமியிலும் கிடைத்ததால் அந்த நம்பிக்கை வலுத்தது. தனிம அட்டவணை நிறைந்துவந்தபோதோ நெபுலியத்துக்கு இடமே இல்லாமற் போயிற்று. 1927இல் கலிஃபோர்னியாவின் ஐரா போவன் விடை சொன்னார். அது இரண்டு எலெக்ட்ரான்களை இழந்த ஆக்ஸிஜன். நம் காற்றில் அணுக்கள் இடைவிடாமல் மோதிக்கொள்வதால் அந்தக் கோட்டை உமிழ அவற்றுக்கு அவகாசமே இல்லை. ஓரியன் நெபுலாவிலோ ஒரு கன சென்டிமீட்டருக்குச் சில ஆயிரம் அணுக்களே உள்ளன. மோதலின்றி அவை ஒளியை விட முடிகிறது.

1990களில் ஹபிள் தொலைநோக்கி அந்த நெபுலாவுக்குள் இளம் விண்மீன்களைச் சுற்றிய தூசு வட்டுகளைப் படம்பிடித்தது. கோள்கள் உருவாகும் களங்கள் அவை. ராஸின் கடிதம் வீழ்த்திவிட்டதாக நம்பப்பட்ட முகில் கருதுகோள், திருத்தங்களுடன், அதே ஓரியன் நெபுலாவில் சான்று பெற்றது. அறுபது ஆண்டுகளுக்கு மேல் புரியாதிருந்த அந்தப் பச்சை ஒளியோ, நாம் மூச்சுக்கு மூச்சு உள்ளிழுக்கும் ஆக்ஸிஜனுடையது.