பதினோரு இலக்கக் கதவு

2020 ஜூனில் ஒரு சனிக்கிழமை மாலை எங்கள் வாசிப்புக் கூட்டத்துக்குள் ஆறேழு பேர் புகுந்தார்கள். நான் அப்போது செங்கம் சாலையில், ரமணாசிரமத்துக்கு எதிர்ப்புறச் சந்து ஒன்றில் மாடி அறை எடுத்திருந்தேன். பகலில் ஆபீஸ் வேலையும் அந்த அறையில்தான். ஆசிரமத்துக்குள் வெளியாட்களை விடவில்லை. பௌர்ணமி கிரிவலத்துக்குத் தடை. மயில்கள் மட்டும் வழக்கம்போல மதிலேறி அகவிக்கொண்டிருந்தன. ஊரில் மாட்டிக்கொண்ட இரண்டு வெளிநாட்டுக்காரர்கள், போளூரில் ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர், சென்னைப் பாட்டிகள் சிலர் என்று முப்பது பேர் ஜூமில் 'நான் யார்?' படித்துக்கொண்டிருந்தோம்.

திடீரென்று திரை முழுக்க ஆபாசப் படம். பின்னணியில் ஒருவன் கெட்டவார்த்தையில் கத்துகிறான். ஹோஸ்ட் நான்தான். யாரை ம்யூட் பண்ணுவது, யாரை வெளியே தள்ளுவது என்று தேடிப் பார்த்துவிட்டு, கடைசியில் கூட்டத்தையே மூடினேன். ரெண்டு நிமிஷம்கூட ஆகியிருக்காது. பாட்டிகளில் ஒருவர் அதற்குப் பிறகு வரவே இல்லை.

என்ஜினியர் புத்தி முதலில் எங்கே போகும்? எவனோ நம்பரைக் கண்டுபிடித்துவிட்டான் என்றுதான். அப்படி நினைக்க ஒரு பழைய வரலாறும் இருக்கிறது. 1980களில் அமெரிக்கப் பையன்கள் மோடத்தை வைத்து ஓர் ஊரின் டெலிபோன் எண்களை எல்லாம் வரிசையாகக் கூப்பிட்டு, எதிர்முனையில் எங்கே கம்ப்யூட்டர் எடுக்கிறது என்று பார்ப்பார்கள். 1983-இல் வந்த 'வார்கேம்ஸ்' படத்தால் அதற்கு 'வார் டயலிங்' என்று பேர் விழுந்தது. ஜூமின் மீட்டிங் எண்ணும் அந்த டெலிபோன் நம்பர் மாதிரிதான். ஒன்பது, பத்து அல்லது பதினோரு இலக்கம். ஒன்பது இலக்கம் என்றாலே நூறு கோடி வாய்ப்புகள், யார் உட்கார்ந்து தேடுவது என்று தோன்றும். ஆனால் 2019-இல் செக் பாயிண்ட் நிறுவன ஆய்வாளர்கள் எண்களைக் குத்துமதிப்பாக உருவாக்கிப் பார்த்ததில் சுமார் 4 சதவீதம் நிஜக் கூட்டங்களாக இருந்தன. இருபத்தைந்து கதவைத் தட்டினால் ஒன்று வீடு! 2020 ஏப்ரல் தொடக்கத்தில் 'இசட்வார்டயல்' என்ற ஒரு பாட் பாஸ்வேர்டு இல்லாத கூட்டங்களை மணிக்கு நூறு வீதம் கண்டுபிடிப்பதாகச் செய்தி வந்தது.

டிசம்பர் 2019-இல் ஜூமில் ஒரு நாளைக்கு ஒரு கோடிப் பேர். மார்ச்சில் 20 கோடி. இவ்வளவு பேர் வருவார்கள் என்று அந்தக் கதவைச் செய்தவர்கள் நினைத்திருக்க மாட்டார்கள். ஏப்ரல் 5 முதல் பாஸ்வேர்டையும் வெயிட்டிங் ரூமையும் தாங்களாகவே போட்டுவிட்டார்கள். அந்த ஆறு இலக்கப் பாஸ்வேர்டிலும் ஓட்டை இருந்தது. எத்தனை தடவை தப்பாக அடித்தாலும் தடுக்காது, எனவே பத்து லட்சத்தையும் அடித்துப் பார்க்கலாம் என்று டாம் அந்தோனி கண்டுபிடித்துச் சொன்னார், அவசரமாக அடைத்தார்கள். ஏப்ரல் 16 அன்று நம் உள்துறை அமைச்சகமும் அறிவுரை வெளியிட்டது: ஒவ்வொரு கூட்டத்துக்கும் புதுப் பாஸ்வேர்டு, வெயிட்டிங் ரூம், ஸ்கிரீன் ஷேர் ஹோஸ்ட்டுக்கு மட்டும், எல்லோரும் வந்தபின் கூட்டத்தைப் பூட்டு.

எங்கள் கூட்டத்துக்குப் பாஸ்வேர்டு இருந்தது. அப்புறம் எப்படி?

பிங்ஹாம்டன், பாஸ்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அந்த ஆண்டே இதைத்தான் ஆராய்ந்தார்கள். ட்விட்டரிலும் 4சானிலும் 'வாங்க, இந்தக் கூட்டத்தைக் கலைப்போம்' என்று வந்த அழைப்புகளைச் சேகரித்துப் பார்த்தால், பெரும்பாலும் அழைத்தவர்கள் உள்ளே இருந்த ஆட்களே. வகுப்பு பிடிக்காத மாணவர்கள். அவர்களே பாஸ்வேர்டையும் கொடுத்தார்கள். வெயிட்டிங் ரூமைத் தாண்ட எந்த மாணவன் பேரை வைத்துக்கொள்ள வேண்டும் என்றும் சொல்லிக்கொடுத்தார்கள். ஆளுக்கொரு தனி லிங்க் கொடுப்பது ஒன்றுதான் உருப்படியான காவல் என்று அவர்கள் முடிவுக்கு வந்தார்கள்.

எங்கள் கூட்டத்தில் அந்த உள்ளாள் நான். நாலு பேர் கூடுதலாக வரட்டுமே என்று லிங்க்கை ஃபேஸ்புக்கில் போட்டிருந்தேன். லிங்க்கின் வாலிலேயே பாஸ்வேர்டு ஒட்டிக்கொண்டு போகும் என்பது தெரியாத ஆள் இல்லை நான். வெயிட்டிங் ரூமைக்கூட, ஒவ்வொருத்தராக உள்ளே விடுவது தொல்லை என்று நிறுத்தி வைத்திருந்தேன்.

"ஆசிரமத்துலயே திருடன் வந்தப்ப பகவான் என்ன பண்ணார்?" என்றார் ஒருவர், லிங்க்கை மாற்ற வேண்டாம் என்று வாதாட. 1924 ஜூன் 26 இரவு நடந்தது அது. அன்று ஆசிரமம் என்பது அன்னையின் சமாதியை ஒட்டிய கூரைக் கொட்டகைகள்தான். வந்தவர்கள் ஜன்னலை உடைத்தார்கள். அடிக்கக் கிளம்பிய அன்பர்களை ரமணர் தடுத்துவிட்டு, எல்லோரும் வெளியேறிவிடுகிறோம், வேண்டியதை எடுத்துக்கொள்ளுங்கள் என்றார். வெளியே வரும்போது அவருக்கும் இடது தொடையில் அடி விழுந்தது. திருடர்கள் கேட்ட லாந்தரைக்கூடக் கொடுக்கச் சொன்னார். அலமாரிச் சாவி குஞ்சு சுவாமியிடம் போய்விட்டதால் அதை உடைத்தார்கள். கிடைத்தது கொஞ்சம் வெள்ளித் தகடு, அரிசி, மாம்பழம்; பத்து ரூபாய் தேறும்.

எனக்கு அந்த வாதம் ஒட்டவில்லை. அங்கே அடியைத் தானும் வாங்கிக்கொண்டவர் பொறுத்துக்கொண்டார். இங்கே அடி விழுந்தது பாட்டிக்கு. பெருந்தன்மை காட்ட நான் யார்? (இதற்கும் அந்தப் புத்தகத்துக்கும் சம்பந்தமில்லை.)

யாரும் வரலாம் என்றே வைத்திருக்கும் இடங்களுக்கு இந்தச் சிக்கல் இன்னும் தீரவில்லை. 2023 டிசம்பரில் கர்நாடக உயர் நீதிமன்ற விசாரணைகளுக்குள் ஆபாசப் படத்தோடு புகுந்தார்கள். கொஞ்ச நாள் வீடியோ விசாரணையையே நிறுத்த வேண்டியதாயிற்று.

நாங்கள் பேரைப் பதிந்து ஆளுக்கொரு லிங்க் என்று மாறினோம். வெயிட்டிங் ரூமும் திரும்ப வந்தது. முதல் வாரம் அங்கே 'ரெட்மி 8ஏ' என்று ஒரு பேர் நின்றது. பதிவில் அப்படி யாரும் இல்லை. நான் விடவில்லை. கூட்டம் முடிந்து பார்க்கிறேன், அப்போதும் நிற்கிறது. சந்தேகம் வந்து போளூர் வாத்தியாருக்குப் போன் போட்டேன். பேத்தி போனில் நுழைந்தாராம்.

"ஒரு மணி நேரமாவா சார் அப்படியே இருந்தீங்க?"

"பரவால்ல தம்பி. ஹோஸ்ட் சீக்கிரம் உள்ள விடுவாருன்னு எழுதியிருந்துச்சு. உட்கார்ந்திருந்தேன்."