சீவகன் சவகனான கதை

சென்ற ஆண்டு எங்கள் துறை நூலகத்தின் பட்டியலைக் கணினியில் ஒழுங்குபடுத்த முனைந்தபோது நேர்ந்தது இது. பட்டியலில் ஒவ்வொரு நூலின் பெயரும் தமிழில் ஒருமுறையும், சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியின் முறைப்படி உரோமன் எழுத்தில் ஒருமுறையும் இருந்தது. உரோமன் எழுத்துகளின் மேலும் கீழும் இடப்பட்ட கோடுகளும் புள்ளிகளும் தேடலுக்கு இடைஞ்சலாயின. எவரும் அவற்றைத் தட்டச்சு செய்து தேடுவதில்லை. அவற்றை நீக்கி வெற்றெழுத்தாக்குவதற்காகக் கணினி பயிலும் மாணவர் ஒருவர் நான்கைந்து வரிகளில் ஒரு நிரல் எழுதித் தந்தார். நொடிப்பொழுதில் வேலை முடிந்தது. திறந்து பார்த்தால் தமிழ்ப் பத்தியில் 'சீவக சிந்தாமணி' என்பது 'சவக சிநதாமணி' என்று கிடந்தது. 'வீடு' என்ற தலைப்பு 'வடு' ஆகியிருந்தது.

மாணவரைக் குறை சொல்ல மனம் வரவில்லை. உலகெங்கும் நிரலாளர்கள் செய்துவருவதைத்தான் அவரும் செய்தார். அந்த வழக்கத்திற்கு ஒரு வரலாறு உண்டு.

1963-இல் அமெரிக்காவில் வெளியாகி, 1967-இல் திருத்தம் பெற்ற ஆஸ்கி குறியீட்டில் மொத்தம் 128 இடங்கள். அவற்றுள் அச்சில் இடம்பெறுபவை 95. ஆங்கிலத்திற்கு அது தாராளம். பிற ஐரோப்பிய மொழிகளை அதனை வகுத்தவர்கள் அடியோடு மறந்தார்கள் என்று சொல்ல முடியாது. அலைக்குறி, கூரைக்குறி போன்றவற்றுக்கு அதில் இடம் கிடைத்ததற்கு, எழுத்தை அடித்துவிட்டு ஓரிடம் பின்னகர்ந்து அதன் தலைமேல் குறியை அடித்துக்கொள்ளலாம் என்ற எண்ணமும் ஒரு காரணம். தட்டச்சுப்பொறி தந்த பழக்கம் அது. காகிதத்தில் இது நடந்தது. திரையிலோ, பின்னே வந்த குறி முன்னே நின்ற எழுத்தைத் துடைத்துவிட்டுத் தான் உட்கார்ந்துகொண்டது. ஜெர்மானியரும் சுவீடன் நாட்டாரும் அடைப்புக்குறிகளின் இடங்களைத் தம் எழுத்துகளுக்கு ஒதுக்கிக்கொண்டனர்; அதன் விளைவாக, நிரலில் நெளி அடைப்புக்குறி வரவேண்டிய இடங்களில் அவர்களுடைய உயிரெழுத்துகள் வந்து நின்றன! மற்றவர்கள் பலரும் குறியைத் துறந்துவிட்டு வெற்றெழுத்தில் எழுதப் பழகினார்கள்.

ஆனால் எது வெற்றெழுத்து? ஜெர்மன் உயிரெழுத்துகளின் தலைமேல் உள்ள இரு புள்ளிகள் ஒரு காலத்தில் ஆங்கிலேயர் 'ஈ' என அழைக்கும் எழுத்தின் சிறுவடிவமாக இருந்தவை. எனவே புள்ளி இட வசதியில்லாத இடத்தில் அந்த எழுத்தையே பக்கத்தில் சேர்த்து எழுதுவது அவர்கள் மரபு. புள்ளியை வெறுமனே எடுத்துவிட்டால் 'அழகிய' என்று பொருள்படும் சொல் 'ஏற்கெனவே' என்ற சொல்லாகிவிடும். ஸ்பானிய மொழியிலோ அலைக்குறி தாங்கிய 'என்' ஒரு தனி எழுத்து. இரட்டித்த எழுத்தைச் சுருக்கி எழுதியதிலிருந்து பிறந்தது. அந்த அலையை அகற்றினால் 'ஆண்டு' என்னும் சொல், அவையில் சொல்லத்தகாத ஓர் உடலுறுப்பின் பெயராக மாறும். 1991-இல், இந்த எழுத்து இல்லாத கணினிகளை ஸ்பெயினில் விற்கலாகாது என்ற விதியை விலக்கிக்கொள்ளுமாறு ஐரோப்பியச் சமூகம் வற்புறுத்தியபோது, கார்சியா மார்க்கேஸ் முதலான எழுத்தாளர்கள் கொதித்தெழுந்தனர். 1993-இல் ஸ்பெயின் அரசு அந்த எழுத்தைச் சட்டத்தாலேயே காத்துக்கொண்டது. ஓர் எழுத்துக்காக ஒரு நாடு வழக்காடியதை நினைக்கையில் எனக்குப் பொறாமையாகவே இருக்கிறது.

1991-இல் முதற்பதிப்புக் கண்ட யுனிகோடு இடப்பஞ்சத்தைத் தீர்த்தது. கூடவே நீக்கலையும் எளிதாக்கியது. குறியுள்ள எழுத்தை அடியெழுத்து வேறு, குறி வேறு என்று பிரிக்க அதில் வழி உண்டு. பிரித்தபின், தனக்கெனத் தனியிடம் கொள்ளாமல் பிறவற்றின்மேல் ஏறி நிற்கும் குறிகளையெல்லாம் களைந்தால் எஞ்சுவது வெற்றெழுத்து. மாணவர் கையாண்டது இந்தச் சூத்திரத்தைத்தான். டேனிய மொழியில் கோடு பாய்ந்த 'ஓ', போலந்து மொழியில் கோடு பாய்ந்த 'எல்' ஆகியவை இவ்வாறு பிரிவதில்லை என்பதால் சூத்திரத்திற்குத் தப்பிவிடும். தமிழ் தப்பவில்லை. யுனிகோடு நம் புள்ளியையும் ஈகாரக் குறியையும் அந்த 'ஏறி நிற்கும்' வகையில் சேர்த்திருக்கிறது. இகரக் குறியும் துணைக்காலும் வேறு வகை. ஆகவேதான் 'சி' பிழைத்தது, 'சீ' மாண்டது.

உரோமன் பத்தியில் நிரல் தன் கடமையைச் சரியாகவே செய்திருந்தது. அங்கும் இழப்பு இல்லாமலில்லை. வலி, வளி, வழி மூன்றும் ஒரே சொல்லாயின; மனமும் மணமும் கலந்தன. தேடுவதற்கு அது போதும். ஒன்றைக் கேட்டால் மூன்று வரும், வேண்டியதை எடுத்துக்கொள்ளலாம். ஆனால் தேடலுக்கென ஒரு படி எடுத்து அதில் களைவது வேறு, மூலத்திலேயே களைவது வேறு. மாணவர் மூலத்தின் மேலேயே எழுதிவிட்டிருந்தார்.

புள்ளியற்ற தமிழ் நமக்குப் புதிதன்று. மெய்யெழுத்து புள்ளி பெறும் என்று தொல்காப்பியம் விதித்திருந்தும் ஏடெழுதியோர் பெரும்பாலும் புள்ளி இடவில்லை; குத்தினால் ஓலை துளைபடும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் காரணம். எகர ஏகாரங்களுக்கும் ஒகர ஓகாரங்களுக்கும் வேறுபாடு கிடையாது. துணைக்காலும் ரகரமும் ஒன்றுபோலிருக்கும். இப்படிப்பட்ட ஏடுகளை வைத்துக்கொண்டுதான் உ.வே. சாமிநாதையர் 1887-இல் சிந்தாமணியைப் பதிப்பித்தார். அவருக்கு யாப்பு துணை நின்றது, நச்சினார்க்கினியர் உரை துணை நின்றது. நூற்பட்டியலுக்கு யாப்பு ஏது, உரை ஏது?

இப்போது நானும் இரு மாணவியரும் மாலை வேளைகளில் அமர்ந்து தலைப்புகளுக்குப் புள்ளி வைத்துவருகிறோம். பெரும்பாலானவை பார்த்தவுடன் விளங்கிவிடுகின்றன. உரோமன் பத்தியை நோக்கலாமே என்று நினைத்தால், அதில் பாதி ஏற்கெனவே காலியாக இருந்த இடங்கள். நேற்று 'வரம' என்றொரு தலைப்பு வந்தது. அது 'வரம்' ஆகவும் இருக்கலாம், 'வீரம்' ஆகவும் இருக்கலாம். எண்ணைக் குறித்துக்கொண்டு அலமாரிக்குப் போனேன். அந்த இடம் வெறுமையாக இருந்தது. யாரோ எடுத்துப் போயிருக்கிறார்கள்.