பறக்கும் ரயில் – 4: தாது வருடத்தில் தோண்டிய பாதை

சென்ற வாரம் பொறியாளர்களை வரைபடத்தின் முன்னால் விட்டுவிட்டு வந்தோம். 1971-ல் திட்டக் குழு கல்கத்தா, பம்பாய், டெல்லி, சென்னை என்று நான்கு நகரங்களுக்கும் மாநகர ரயிலைத் திட்டமிடத் தனிப் பிரிவுகள் அமைத்தது. கல்கத்தா மண்ணுக்கு அடியில் போகத் தீர்மானித்து, 1984-ல் ரயிலையும் ஓட்டிவிட்டது. சென்னைக்குக் கடற்கரையிலிருந்து மயிலாப்பூர் லஸ் வரை போக வேண்டும். நடுவே திருவல்லிக்கேணி. வீடு, கோயில், மசூதி, கடை என்று அடைத்துக் கிடக்கும் தெருக்கள். எதை இடிப்பது?

இடிக்கத் தேவையில்லாத ஒரு கோடு அந்த வரைபடத்தில் இருந்தது. வடக்கிலிருந்து தெற்காக, ஏறக்குறைய நேராக, நகரத்தின் நடுவே போகிற அரசாங்கக் கோடு. பக்கிங்காம் கால்வாய்.

அந்தக் கோடு அங்கே வந்த கதையைச் சொல்ல, சென்னையை விட்டு நம் சேலத்துக்கு வர வேண்டும். நூறு ஆண்டு பின்னோக்கியும் போக வேண்டும்.

1876. தாது வருடம். மழை பொய்த்தது. நாமக்கல், திருச்செங்கோடு, ராசிபுரம், ஓமலூர், தருமபுரி, கிருஷ்ணகிரி எல்லாம் அன்று ஒரே சேலம் மாவட்டம். மானாவாரிக் காடுகளில் கம்பும் சோளமும் முளையிலேயே கருகின. 1871-ல் இந்த மாவட்டத்தின் மக்கள்தொகை சுமார் 19 லட்சத்து 67 ஆயிரம். பத்தாண்டு கழித்து, 1881-ல் எண்ணியபோது 16 லட்சம்கூட இல்லை. பத்தாண்டில் பெருகியிருக்க வேண்டிய தொகை மூன்றரை லட்சத்துக்கு மேல் சரிந்துவிட்டது. மாகாணத்திலேயே மிகக் கடுமையாக அடிபட்ட மாவட்டங்களில் ஒன்று நம்முடையது. இதை நம் பிள்ளைகள் பாடப் புத்தகத்தில் படிப்பதில்லை என்பது எனக்குத் தீராத ஆதங்கம்.

ரயில் இல்லாத ஊர் என்பதால் செத்தார்களா? இல்லை. சேலத்துக்கு ரயில் வந்து அப்போது பதினைந்து ஆண்டுகள் ஆகிவிட்டன. சென்னையில் கப்பலிலிருந்து இறங்கிய அரிசி, ரயிலேறி உள்நாட்டுக்கு வந்தது. விலைதான் எட்டவில்லை. விளைச்சல் போனதோடு கூலியும் போயிருந்தது. கையில் காசில்லாதவனுக்கு மூட்டை ரயிலில் வந்தால் என்ன, வண்டியில் வந்தால் என்ன? மாவட்டங்களிலிருந்து ஜனங்கள் சாலையேறிச் சென்னையை நோக்கி நடந்தார்கள். கஞ்சித் தொட்டிகளும் முகாம்களும் நிரம்பி வழிந்தன.

அரசாங்கம் சும்மா சோறு போடத் தயங்கியது. வேலை செய், கூலி வாங்கிக்கொள் என்றது. 1877 தொடக்கத்தில் வைஸ்ராயின் தூதராக வந்த ரிச்சர்ட் டெம்பிள், அந்தக் கூலியையும் வெட்டினார். நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியம், அதாவது அரைக் கிலோவுக்கும் குறைவு. அதோடு கொஞ்சம் சில்லறை. மண் வெட்டுகிற உடம்புக்கு இது போதாது என்று மாகாண சுகாதார ஆணையர் டாக்டர் கார்னிஷ் விடாமல் எழுதினார். சில மாதங்களில் சென்னை அரசாங்கம் கூலியை உயர்த்தியது. அதற்குள் போன உயிர்கள் போனவைதான்.

அந்த நிவாரண வேலைகளில் ஒன்று, சென்னை நகருக்குள்ளேயே நடந்தது. கூவத்துக்கு வடக்கே எண்ணூர்ப் பக்கம் 1806 முதலே ஓர் உப்புநீர்க் கால்வாய் உண்டு. தெற்கே அடையாற்றுக்கு அப்பாலும் கால்வாய் இருந்தது. நடுவில் சுமார் 8 கிலோமீட்டர் இடைவெளி. 1877-78-ல் பசித்த கைகள் அந்த இடைவெளியைத் தோண்டி, கூவத்தையும் அடையாற்றையும் இணைத்தன. அப்போதைய கவர்னர் பக்கிங்காம் பிரபு. கால்வாய்க்கு அவர் பெயர் வைத்தார்கள். மண்வெட்டி பிடித்தவர் ஒருவருடைய பெயரும் அங்கே பொறிக்கப்படவில்லை.

அடுத்த அரை நூற்றாண்டு அது உயிருள்ள நீர்வழி. உப்பு, சவுக்கு விறகு, கிளிஞ்சல் ஏற்றிய படகுகள் சென்னையின் அடுப்புகளுக்கும் சுண்ணாம்புக் காளவாய்களுக்கும் சரக்குக் கொண்டுவந்தன. பிறகு லாரி வந்தது. 1965, 66 புயல்கள் கரைகளைச் சிதைத்தன. நகரம் தன் சாக்கடையை அதற்குள் திறந்துவிட்டது. பொறியாளர்கள் பார்த்தபோது படகு இல்லை, நாற்றம் இருந்தது. கேட்பாரும் இல்லை.

அந்தக் கால்வாயை ஒட்டியே ரயிலைத் தூக்கிவிடத் தீர்மானித்தார்கள். உலகில் இப்படி நடப்பது முதல் முறையல்ல. 1892-ல் சிகாகோவின் முதல் உயர்மட்ட ரயிலை நகராட்சிக்குச் சொந்தமான பின்சந்துகளின் மேலேயே கட்டினார்கள். வீட்டுக்காரர்களின் சம்மதத்துக்கு அலைய வேண்டாம் என்பதே காரணம். சென்னையின் பின்சந்து, இந்தக் கால்வாய்.

1983-84-ல் ஒப்புதல் கிடைத்தது. முதல் ரயில் கடற்கரையிலிருந்து சேப்பாக்கம் வரை ஓடுவதற்கு 1995 நவம்பர் 1 ஆகிவிட்டது. நம் ஊர்க்காரர்கள் சென்ட்ரலில் இறங்கி, எதிரே பூங்கா நகரில் ஏறிப் பாருங்கள். அதுவரை தரையில் வந்த தண்டவாளம் சிந்தாதிரிப்பேட்டையில் மேலேறியிருக்கும். சேப்பாக்கம் தாண்டியதும் பாதையை ஒட்டிக் கீழே கறுப்பாக ஒரு நீர் தெரியும். அதுதான் தாது வருடத்தின் வேலை.

1997 அக்டோபரில் ரயில் திருமயிலையை எட்டியது. அந்த நிலையத்தைப் போல் ஒன்றைத் தமிழ்நாடு அதுவரை பார்த்ததில்லை. கால்வாயின் மேல் மாடி மாடியாக எழுந்த கான்கிரீட் மலை. வாடகை வரும் என்று நம்பி விரித்துக் கட்டிய கூடங்களில் நெடுங்காலம் கடை வரவில்லை, வெளிச்சம் வரவில்லை, மாலை ஆறு மணிக்கு மேல் பெண்கள் அந்தப் படிகளில் தனியே ஏறத் தயங்கினார்கள். சுற்றி மயிலாப்பூர் முழுக்க ஜனம், நிலையத்துக்குள் வெறுமை. தூண்களும் நிலையங்களும் இறங்கிய இடங்களில் கால்வாய் இன்னும் குறுகிப்போனது. நீர்வழியையும் இழந்து, ரயிலுக்கும் ஆள் சேராத அந்த ஆண்டுகளைத் திட்டமிட்டவர்களின் பெரும் தோல்வி என்றே சொல்வேன்.

தண்டவாளம் திருமயிலையோடு நின்றது. தெற்கே மந்தைவெளி, அடையாறு, தரமணி. முதல் கட்டத்துக்கு ரயில்வே பணம் போட்டிருந்தது. இரண்டாம் கட்டத்துக்கு வந்த கணக்கு வேறு: மூன்றில் இரண்டு பங்கை மாநிலம் தர வேண்டும். தமிழக அரசு ஒப்புக்கொண்டது. ஆனாலும் அடுத்த ரயில் அடையாற்றைத் தாண்ட 2004 ஜனவரி வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்த ஆறேகால் ஆண்டுகள் எங்கே போயின?

(அடுத்த வாரம்)