மணிபல்லவம் எங்கே இருந்தது?

மொன்ட்ரியால்-நோரில் நான் கோப்பை கழுவுகிற றெஸ்ரோறன்றின் குசினியில் (போர்த்துக்கேயரிடம் நாங்கள் வாங்கிய இந்தச் சொல் இங்குள்ள பிரெஞ்சுக்காரருக்கும் அரைகுறையாக விளங்குகிறது) என்னோடு நிற்பவர் ஒரு ஹெயிட்டிக்காரர். போன மாரியில் அவருடைய தாயார் ஊரில் இறந்துபோனார். இவரால் போக முடியவில்லை. ஒரு வருடமும் ஒரு நாளும் அம்மா தண்ணீருக்கு அடியில் இருப்பார், பிறகு சடங்கு செய்து மேலே அழைக்கவேண்டும் என்று சொன்னார். தண்ணீருக்கு அடியில் உள்ள அந்த உலகத்துக்குக் கினென் என்று பெயர். அது ஆபிரிக்காவின் கினி என்ற பெயர்தான். அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டவர்களின் பிள்ளைகளுக்கு அந்தக் கரை திரும்பிப் போகமுடியாத தூரமாகி, காலப்போக்கில் கடலுக்கு அடியில் போய்விட்டது. மெய்யான ஒரு நாடு மறுஉலகம் ஆகியிருக்கிறது.

எங்களுடைய கதை இதற்கு மறுதலையானது. எங்களிடம் ஒரு மறுஉலகம் இருந்தது. அதை நாங்கள் தேசப்படத்திலே ஏற்றினோம்.

நாகலோகத்தைத்தான் சொல்கிறேன். மகாவம்சத்தில் அது கடலிலே ஐந்நூறு யோசனை பரந்த நாக இராச்சியம். அங்கே மகோதரன், சூளோதரன் என்று மாமனும் மருமகனும் ஒரு மணியாசனத்துக்காகப் படைதிரட்டி நிற்க, புத்தர் வந்து சமாதானம் செய்கிறார். மணிமேகலையிலும் இதே சண்டை உண்டு. இரண்டு நாக அரசர் பீடிகையைத் தமதென்று உரிமை கோருகிறார்கள். இருவராலும் அதைத் தூக்கவும் முடியவில்லை, விட்டுப்போகவும் முடியவில்லை. புத்தர் அதிலே தானே அமர்ந்துவிடுகிறார். அந்தப் பீடிகை இருக்கும் தீவுதான் மணிபல்லவம். மணிமேகலா தெய்வம் உறங்குகிற பெண்ணைத் தூக்கிக்கொண்டு வான்வழியே முப்பது யோசனை தெற்கே வந்து இறக்கிவிடுகிறது. பீடிகையைத் தொழுதவளுக்கு முற்பிறப்பு தெரிகிறது. மனிதர் வாழும் இடமாக அல்ல, பிறப்புகளுக்கு இடையிலுள்ள ஒரு திண்ணையாகவே எனக்கு அது தோன்றுகிறது.

நாகலோகத்துக்குப் போகும் வழியும் நூலுக்கு நூல் வேறுபடுகிறது. மணிமேகலையில் நாககன்னி பீலிவளை தானே புகார்க் கடற்கரைச் சோலைக்கு வந்து சோழனோடு ஒரு மாதம் இருந்துவிட்டுச் சொல்லாமற் போகிறாள். நச்சினார்க்கினியர் உரையிலோ சோழன் நாகப்பட்டினத்திலிருந்து ஒரு பிலத்தின் வழியாக, அதாவது நிலத்துக்கு அடியிலுள்ள குகைவழியாக, அங்கே இறங்கிப் போகிறான். கடலுக்கு அப்பாலா, பூமிக்குக் கீழா என்பது பழையவர்களுக்கு ஒரு பிரச்சினையாக இருக்கவில்லை.

அது எங்கள் காலத்தில்தான் பிரச்சினையாயிற்று. 1898இல் உ.வே.சாமிநாதையர் மணிமேகலையை அச்சிட்டார். 1912இல் கைகரின் மகாவம்ச ஆங்கில மொழிபெயர்ப்பு வந்தது. போல் ஈ. பீரிஸ் கந்தரோடையைத் தோண்டி, 1917இலும் 1919இலும் நாகதீபமும் யாழ்ப்பாணத்துப் பௌத்த எச்சங்களும் பற்றி எழுதினார். 1926இல் முதலியார் இராசநாயகத்தின் பண்டைய யாழ்ப்பாணம் பற்றிய ஆங்கில நூல் வெளிவந்தது. 1936இல் வல்லிபுரத்தில் பொன்னேடு கிடைத்தது. வசப மன்னன் காலத்தில் ஓர் அமைச்சன் நகதிவவை ஆண்டதாகப் பரணவிதான அதை வாசித்தார். நாற்பது வருடத்துக்குள் நாகலோகம் குடாநாடாயிற்று. தேசப்படத்தில் அடிமட்டத்தை வைத்துப் பார்த்தால் பூம்புகாருக்கு ஏறத்தாழ நேர்தெற்கே நயினாதீவு வருகிறது என்பதும் உண்மைதான். நானும் வைத்துப் பார்த்தேன். உடம்பு ஒருதரம் சிலிர்த்தது.

ஆனால் ஐந்நூறு யோசனை இராச்சியத்தை நாலு சதுர கிலோமீற்றர் சொச்சத் தீவுக்குள் அடக்கியபோது, கதையோடு சேர்ந்து சண்டையும் உள்ளே வந்துவிட்டது. ஒரே தீவு தமிழில் நயினாதீவு, சிங்களத்தில் நாகதீப. குறிகட்டுவானில் ஒரே வள்ளத்தில் ஏறுகிறவர்களில் ஒரு பகுதியினர் நாகபூசணி அம்மனிடமும் மற்றப் பகுதியினர் விகாரைக்கும் போகிறார்கள். பொன்னேட்டின் மொழி சிங்களமா பிராகிருதமா என்ற விவாதமும் வெறும் இலக்கண விவாதமாக ஒருநாளும் இருந்ததில்லை. தூக்கவும் முடியாமல் விடவும் முடியாமல் நின்ற அந்த இரண்டு நாக அரசரையும் எங்கள் இருபகுதி அறிஞர்களும் எத்தனை தரம் வாசித்திருப்பார்கள்!

நயினாதீவு பற்றி நம்பிக் கையில் எடுக்கக்கூடிய சான்று வேறொன்று இருக்கிறது. அம்மன் கோயிலில் கிடைத்து, 1963இல் கா.இந்திரபாலா பதிப்பித்த 12ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு அது. பராக்கிரமபாகு என்ற சிங்கள மன்னன் தமிழிலே எழுதுவித்தது. பிறநாட்டார் ஊராத்துறைக்கு வந்து இறங்கவேண்டும், அவர்களுக்குப் பாதுகாப்பு உண்டு. ஆனையும் குதிரையும் கொண்டுவரும் கப்பல் உடைந்தால் நாலில் ஒரு பங்கு பண்டாரத்துக்கு, மூன்று பங்கு உடையவனுக்கு. சரக்குக் கப்பல் என்றால் பாதிக்குப் பாதி. நாகருமில்லை, மணியாசனமுமில்லை. கப்பல் உடைந்து வந்தவனுக்கு என்ன மிஞ்சும் என்பதை மட்டும் அந்தக் கல் சொல்கிறது. இரு பகுதியாரும் இதைக் குறைவாகவே மேற்கோள் காட்டுவதில் எனக்கு ஆச்சரியமில்லை.

நயினாதீவுதான் மணிபல்லவமா என்று என்னைக் கேட்டால், அந்தத் தீவில் விடப்பட்டவனைப் பற்றித்தான் சொல்வேன். ஆபுத்திரன் கையில் அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி. சாவக நாட்டில் பஞ்சம் என்று கேட்டுக் கப்பலேறினான். காற்று மாறி மணிபல்லவத்தில் கப்பல் தங்கியபோது இறங்கினான். அவன் ஏறிவிட்டான் என்று நினைத்துக் கப்பல் இரவோடு இரவாகப் போய்விட்டது. வற்றாத பாத்திரம் இருக்கிறது, உண்ண ஓர் ஆள் இல்லை. பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாதிருந்து உயிர்விட்டான். மறுபிறப்பில் சாவகத்தின் அரசன் புண்ணியராசனாகி, பிறகு அங்கே திரும்பி வந்து, மணலைத் தோண்டித் தன்னுடைய எலும்பையே காண்கிறான். பக்கத்தில் வேறும் எலும்புகள் கிடக்கின்றன. அவனைத் தவறவிட்டதை அறிந்து திரும்பித் தேடிவந்த ஒன்பது செட்டிகளின் எலும்புகள். அவன் இறந்ததைக் கண்டு அவர்களும் அங்கேயே உண்ணாது இறந்திருந்தார்கள்.

கடை சாத்தியபிறகு பஸ்ஸுக்கு நின்றபோது எனக்குத் தெரிந்த பிரெஞ்சில் இதை ஹெயிட்டிக்காரருக்குச் சொன்னேன். அரசனைப் பற்றி அவர் ஒன்றும் கேட்கவில்லை. அந்த ஒன்பது பேருடைய வீடுகளுக்கு ஆர் செய்தி சொன்னது என்று கேட்டார். காப்பியத்தில் அது இல்லை என்றேன்.