எரிய மறுத்த முகங்கள்

படம் எடுத்துக்கொள்ளுதல் என்பது நம் மக்களிடையே ஒரு காலத்தில் சிறு திருவிழாவைப் போன்றிருந்தது. தோட்டத்திலிருந்து பட்டணத்துக்கு வந்த குடும்பம், உள்ளதிலே நல்ல துணியை உடுத்தி, தலைக்கு எண்ணெய் வைத்து வாரி, போட்டோக் கடையிலே தீட்டிய திரைக்கு முன்னால் வரிசையாக நிற்கும். கடைக்காரர் முகத்தைச் சற்றே நிமிர்த்தச் சொல்வார். குழந்தையின் சட்டையை இழுத்து நேராக்குவார். அச்சம் தெளியும்படி இரண்டொரு வார்த்தை பேசுவார். சில தினங்கள் கழித்துக் கைக்கு வரும் அப்படம் கடிதத்தோடு ஊருக்குப் போகும். அன்றி வீட்டுச் சுவரிலே தொங்கும். அரசர்க்குக் கல்வெட்டு உண்டு. எளியோர்க்கு 'இன்னார் இவ்வுலகில் இருந்தார்' என்று சொல்ல அந்த நிழற்படம் ஒன்றே சாசனம்.

அத்தொழிலை ஆசையோடு கற்ற ஓர் இளைஞர், அதனையே மனிதரின் பெயரைத் துடைத்து எண்ணாக மாற்றும் வேலைக்குச் செலுத்துமாறு துப்பாக்கி முனையில் கட்டாயப்படுத்தப்பட்டார். அவர் போலந்து நாட்டு வில்ஹெல்ம் பிராஸ்ஸே. அவர் எடுத்த படங்கள் உலகெங்கும் அறியப்பட்டவை. அவர் பெயரை அறிந்தோர் சிலரே. ஆகலின் அவர் சரித்திரத்தை ஈண்டுச் சுருக்கி எழுதப் புகுந்தோம்.

பிராஸ்ஸே 1917ஆம் ஆண்டு டிசம்பர் 3ஆம் நாள் ஷிவியெத்ஸ் என்னும் சிற்றூரில் பிறந்தார். அன்று போலந்து என்றொரு தனி நாடு உலகப் படத்தில் இல்லை. 1795இல் ருஷ்யா, பிரஷ்யா, ஆஸ்திரியா ஆகிய மூன்று வல்லரசுகளும் அந்நாட்டை முற்றும் பங்கிட்டுக்கொண்டன. பிராஸ்ஸே பிறந்த ஊர் ஆஸ்திரியாவின் ஆட்சியில் இருந்தது. அவருக்கு ஒரு வயது நிறையும் முன்னரே, 1918 நவம்பரில், போலந்து மீண்டும் சுதந்திர நாடாயிற்று. அவர் தந்தை வழியினர் ஆஸ்திரிய மரபினர். அன்னையோ போலிஷ் மாது. இரு மொழியும் அவர் நாவில் பழகின. இந்தச் சாதாரணச் செய்தியே பிற்காலத்தில் அவருடைய உயிருக்கு விலை பேசும் பொருளாக வந்து நின்றது.

காதோவித்ஸே என்பது நிலக்கரிச் சுரங்கங்கள் நிறைந்த தொழில் நகரம். அங்கே அவருடைய அத்தை ஒருவரின் போட்டோ நிலையத்தில் பிராஸ்ஸே தொழில் பயின்றார். முகப் படம் எடுப்பதில் அவருக்குத் தனித்திறமை இருந்தது. கேமராவின் முன் வந்து அமர்வோர் உடல் விறைத்துப்போவது வழக்கம். அவர்களை இன்சொல்லால் தளர்த்தி, முகத்தில் இயல்பான களை தோன்றும் கணத்தைப் பிடிக்க அவர் அறிந்திருந்தார். ஒளியை எவ்வாறு விழச் செய்வது, இருட்டறையில் எவ்வாறு கழுவி எடுப்பது, கறைகளை எவ்வாறு திருத்துவது என்பனவெல்லாம் இருபது வயதுக்குள் அவருக்குக் கைவந்தன. காலம் ஒத்திருந்தால் அவரும் ஒரு நகரத்தின் நல்ல போட்டோக்காரராய் வாழ்ந்து முடிந்திருப்பார்.

காலம் ஒத்திருக்கவில்லை. 1939 செப்டம்பர் 1ஆம் நாள் ஹிட்லரின் படைகள் போலந்தினுள் புகுந்தன. ஜெர்மானிய ரத்தம் உடையோர் தம்மை ஜெர்மானியராகப் பதிந்துகொள்ள வேண்டும் என்று அதிகாரிகள் நெருக்கினர். பிராஸ்ஸேயையும் விசாரித்தனர். தந்தை வழியைச் சொல்லி ஒரு கையெழுத்திட்டிருந்தால் அவர் அன்றைக்கே ஆள்வோர் இனத்தில் ஒருவராகியிருக்கலாம். அவர் மறுத்தார். தாம் போலந்து நாட்டார் என்றே சொன்னார்.

வாசகர்கள் இவ்விடத்தில் சற்று நிற்க வேண்டும். பிறப்பால் உயர்ந்தோம் என்று சொல்லிக்கொள்வதற்கு ஏங்குவோரை நாம் நாடோறும் காண்கின்றோம். பிறப்பால் கிடைத்த உயர்வை, அதை ஏற்றால் வாழ்வும் மறுத்தால் சிறையும் என்றிருந்த வேளையில், வேண்டாம் என்று தள்ளிய இருபத்திரண்டு வயது வாலிபரை நாம் எத்தனை பேரிடத்தில் காண்போம்?

அண்டை நாடாகிய ஹங்கேரி வழியே தப்பி, பிரான்சில் திரண்டிருந்த போலிஷ் பட்டாளத்தில் சேர்வதே பிராஸ்ஸேயின் நோக்கம். 1940இல் எல்லையருகே பிடிபட்டார். சில மாதம் சிறையில் கிடந்த பின், அவ்வாண்டு ஆகஸ்டு 31ஆம் நாள், ஓஷ்வியெஞ்சிம் என்னும் போலிஷ் ஊருக்குக் கொண்டுசெல்லப்பட்டார். ஜெர்மானியர் அவ்வூருக்கு இட்டு வழங்கிய பெயர் ஆஷ்விட்ஸ். அம்முகாமுக்கு 1940 ஜூன் 14ஆம் நாள் முதற் கூட்டமாக வந்த 728 போலிஷ் கைதிகளுக்குப் பின் இரண்டரை மாதத்தில் பிராஸ்ஸே அங்கே சேர்ந்தார். வாயிலிலேயே பெயர் போயிற்று. அவர் 3444 ஆனார்.

முதலில் கடுமையான உடலுழைப்பு. பசியும் அடியும் சாவும் அன்றாடக் காட்சிகள். 1941 பிப்ரவரியில் முகாமின் அரசியற் பிரிவிலிருந்து அவருக்கு அழைப்பு வந்தது. அது கொலைக்கான அழைப்போ என்று அவர் அஞ்சினார். அவர்கள் தேடியதோ படத்தொழில் அறிந்தவரை. சிலரைச் சோதித்துப் பார்த்து, திறமையும் ஜெர்மன் மொழியும் உடைய பிராஸ்ஸேயைத் தெரிந்தெடுத்தனர். கைதிகளின் அடையாளப் படம் எடுக்கும் அப்பிரிவுக்கு பெர்ன்ஹார்ட் வால்ட்டர் என்னும் எஸ்.எஸ். படையினன் தலைவன்.

அங்கே வேலை நடந்த முறை இது. சுழலும் நாற்காலி ஒன்று, தலையை அசையாமல் தாங்க ஒரு கம்பி, எதிரே கேமரா. ஒவ்வொரு கைதிக்கும் மூன்று நிலை: பக்கவாட்டில் ஒன்று, நேர்முகமாக வெறுந்தலையோடு ஒன்று, தலையில் தொப்பியோ துணியோ அணிந்து சற்றுத் திரும்பியவாறு ஒன்று. படத்தின் அடியில் முகாமின் பெயரும், நாட்டைக் குறிக்கும் எழுத்தும், கைதியின் வகையும், எண்ணும் இருக்கும். பெயருக்கு இடமில்லை. வெளியே ஆண்களும் பெண்களும் வரிசையில் நிற்பர்; ஒருவர் இறங்க அடுத்தவர் ஏறுவார். இவ்வாறு பிராஸ்ஸே எடுத்த படங்கள் நாற்பதினாயிரம் முதல் ஐம்பதினாயிரம் வரை இருக்கும் என்று கணக்கிடுகின்றனர்.

தப்பியோடுவோரைப் பிடிக்க உதவும் என்றே இப்படங்களை எடுக்கலாயினர். ஆனால் பட்டினியால் சில வாரங்களிலே முகங்கள் உருமாறிப்போயின. படத்தைக் கையில் வைத்துக்கொண்டும் ஆளை அடையாளம் காண இயலவில்லை. பிற்பாடு கைதிகளின் கையிலே எண்ணைப் பச்சை குத்தும் வழக்கமும் வந்தது. இன்னொன்றும் நினைவிற் கொள்ளத்தக்கது. ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டோர் சுமார் பதினொரு லட்சம். அவருள் ஏறத்தாழப் பத்து லட்சம் பேர் யூதர். அவருள் பெரும்பாலோர் ரயிலை விட்டு இறங்கியவுடனே நச்சுவாயு அறைக்கு நடத்திச் செல்லப்பட்டவர்கள். அவர்களுக்கு எண்ணும் இல்லை, அடையாளப் படமும் இல்லை.

பிராஸ்ஸேயின் கேமரா முன் அமர்ந்தவருள் செஸ்வாவா குவோக்கா என்னும் சிறுமியும் ஒருத்தி. ஜாமோஷ்ச் வட்டாரத்துக் குடியானவர்களை ஜெர்மானியர் கிராமங்களிலிருந்து விரட்டியபோது, 1942 டிசம்பர் 13ஆம் நாள் தாயோடு முகாமுக்கு வந்தவள். வயது 14. எண் 26947. ஜெர்மன் மொழியிலே இடப்பட்ட கட்டளை அவளுக்குப் புரியவில்லை. அதற்காக மேற்பார்வைக்காரி ஒருத்தி அவள் முகத்திலே தடியால் அடித்தாள். சிறுமி கண்ணீரையும் உதட்டில் கசிந்த ரத்தத்தையும் துடைத்துக்கொண்டு நாற்காலியில் அமர்ந்தாள். அந்த அடி தம்மேல் விழுந்ததுபோல் இருந்தது என்றும், தடுக்க வாய்திறந்திருந்தால் தம் உயிர் போயிருக்கும் என்றும் பிராஸ்ஸே முதுமையில் சொன்னார். 1943 பிப்ரவரியில் தாய் மாண்டாள். மார்ச் 12ஆம் நாள் மகளும் மாண்டாள். அப்படம் மாத்திரம் இருக்கின்றது. உதட்டுக் காயமும் அதில் தெரிகின்றது.

இதனினும் கொடிய வேலை பின்னர் வந்தது. 1943இல் முகாமுக்கு வந்த வைத்தியன் யோசெஃப் மெங்கலே, மனிதர்மேல் தான் நடத்திய சோதனைகளுக்குப் படம் வேண்டினான். இரட்டைப் பிள்ளைகளையும், குள்ளமான உடல் உடையோரையும், பட்டினியால் எலும்பு தோன்றிய யூதச் சிறுமிகளையும் பிராஸ்ஸேயிடம் அனுப்பினான். அவர்களை ஆடையின்றி நிறுத்திப் படம் எடுக்க வேண்டும் என்பது உத்தரவு. நாணத்தாலும் அச்சத்தாலும் கூனிக் குறுகி நின்ற அப்பெண்களை நோக்கிக் கேமராவைத் திருப்பும்படி நேர்ந்தது.

மனித உடலை ஆடையின்றித் தீட்டுவதும் செதுக்குவதும் ஐரோப்பியக் கலையிலே பழைமையான மரபு. நிழற்படமும் அம்மரபை ஏற்றது. அது தகும், தகாது என்று வாதிப்போர் உளர். அவ்வாதத்தில் நாம் இப்போது புகவில்லை. ஒன்று மட்டும் சொல்வோம்: கலைஞன் முன் நிற்பவர் தம் சம்மதத்தால் நிற்கிறார், வேண்டாமென்றால் ஆடையை எடுத்துக்கொண்டு போய்விடலாம். ஆஷ்விட்ஸில் நின்ற சிறுமிக்கு ஆடையும் இல்லை, போகும் வழியும் இல்லை. உடல் மறைந்திருந்ததா, திறந்திருந்ததா என்பதில் அன்று. மறுக்கும் உரிமை இருந்ததா, இல்லையா என்பதிலேதான் மானமும் அவமானமும் பிரிகின்றன.

அப்படியாயின் அந்த வேலையைச் செய்த பிராஸ்ஸே குற்றவாளி அல்லரோ என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்வியே. அவரைச் சிறுமிகளின் துன்பத்துக்குக் காரணர் என்று சொல்ல நமக்கு மனம் வரவில்லை. அவரும் எண் இடப்பட்ட கைதியே. மறுத்திருந்தால் அவரைக் கொன்று வேறொருவரை அவ்விடத்தில் நிறுத்தியிருப்பர். ஆயினும் அவருடைய நெஞ்சு தனக்குத் தானே அவ்வளவு எளிதாக விடுதலை அளிக்கவில்லை என்பதைப் பின்னே காண்போம்.

1945 ஜனவரியில் ருஷ்யப் படை நெருங்கிற்று. கொலைகாரர்கள் தடயத்தை அழிக்கத் துடித்தனர். படங்களையும் மூலத் தகடுகளையும் ஒன்றுவிடாமல் எரித்துவிடும்படி வால்ட்டர் உத்தரவிட்டான். பிராஸ்ஸேயும், உடனிருந்த கைதி புரோனிஸ்வாவ் யூரெச்செக் என்பவரும் அடுப்பின் முன் நின்றனர். இவ்விடத்திலே தொழிலறிவு அவர்களுக்குத் துணை வந்தது. முதலில் நனைந்த போட்டோக் காகிதங்களை அடுப்பில் இட்டனர். அதன்மேல் படங்களைத் திணித்து நிரப்பினர். நெருக்கித் திணித்த காகிதம் எளிதில் எரியாது. புகைபோகும் வழி அடைபட்டு, காற்றின்றித் தீ அவிந்தது. அதிகாரி அகன்றதும், தீயிலிருந்து எடுக்கத்தக்கதையெல்லாம் எடுத்தனர். அவசரத்தில் சிதறினதுபோல் தோன்றும்படி சில படங்களை அறைகளில் வாரி இறைத்தனர். கையில் ஆயுதமில்லாத இரண்டு கைதிகள் செய்த கலகம் இவ்வளவே.

இவ்வளவினால் பிழைத்தவை 38,916 படங்கள். ஆண்கள் 31,969, பெண்கள் 6,947. ஆள்வோர் தம் கணக்குப் புத்தகத்துக்காக எடுப்பித்த படங்கள், அவர்களுக்கு எதிரான சாட்சிப் பத்திரமாயின.

ஜனவரி 27ஆம் நாள் ருஷ்யப் படை முகாமுக்குள் நுழைந்தபோது பிராஸ்ஸே அங்கில்லை. ஆயிரக்கணக்கான கைதிகளோடு அவரையும் ஆஸ்திரியாவிலிருந்த மௌத்ஹவுசன் முகாமுக்கு ஓட்டிப்போயிருந்தனர். 1945 மே மாதத்தில் அமெரிக்கப் படையினர் அவரை விடுவித்தனர். உடல் எலும்புக்கூடாகியிருந்தது. தேறியபின் சொந்த ஊர் திரும்பினார், மணம் புரிந்தார், மக்களைப் பெற்றார்.

மீண்டும் கேமராவைக் கையில் எடுக்க முயன்றார். முடியவில்லை. எதிரே யாரை நிறுத்தினாலும், அவருக்குப் பின்னால் ஆடையற்ற அந்த யூதச் சிறுமிகள் வந்து நின்றனர் என்று அவரே சொல்லியிருக்கிறார். தொழிலை அறவே விட்டார். கொத்திய இறைச்சியை அடைப்பதற்கான தோலுறை செய்து விற்கும் தொழில் நடத்திக் குடும்பத்தைக் காத்தார். நாற்பதினாயிரம் முகங்களைப் படம் பிடித்தவர், மீதி வாழ்நாளில் படம்பிடிக்கும் தொழிலுக்குத் திரும்பவேயில்லை. 2005ஆம் ஆண்டில் இரேனேயுஷ் தோப்ரோவோல்ஸ்கி என்பவர் எடுத்த திரைப்படத்தின் வாயிலாகவே அவர் கதையைப் பலர் அறிந்தனர். 2012 அக்டோபர் 23ஆம் நாள், 94ஆம் வயதில், பிறந்த ஊரிலேயே காலமானார்.

அவருடைய கையை மறுப்பதற்கு இயலாதபடி கட்டியிருந்தனர். ஆயினும் கடைசி நாளில் அக்கட்டு ஒரு முழம் தளர்ந்தபோது, அந்த ஒரு முழத்தில் என்ன செய்யலாம் என்பதை அக்கை அறிந்திருந்தது. எல்லாரும் வீரராய்ப் பிறப்பதில்லை. எனினும் அடுப்பு எரியும் நேரத்தில் நனைந்த காகிதத்தை எடுத்து இடும் புத்தி யாருக்கும் கூடாததன்று.

ஆஷ்விட்ஸ் முகாம் 1947 முதல் நினைவுக் காட்சிச்சாலையாக விளங்குகின்றது. அதன் 6ஆம் கட்டிடத்து நடையில் அம்முகங்கள் சுவர் நெடுக வரிசையாகத் தொங்குகின்றன. அழிக்கப்பட்ட பெயர்கள் படங்களுக்குக் கீழே மீண்டும் எழுதப்பட்டிருக்கின்றன. நம் வாசகருள் யாரேனும் அந்நாட்டுக்குச் செல்ல நேருமாயின், விரைந்து நடந்துவிட வேண்டாம். ஒரு முகத்தின் முன்னாவது நின்று, அதன் பெயரை வாய்விட்டு வாசிக்கவும். அந்நாற்காலியில் அமர்ந்தவருக்கு அன்று யாரும் செய்யாத மரியாதை அது ஒன்றே.